துரைக்கு விட்ட நாலு கோல்

“நேத்து ஆடின ஆட்டத்த இன்னொரு தடவ ஆடணும் சார்,” என்றாள் வசுமதி. “இந்தத் தடவ எங்க தோட்டத்துப் பசங்கள நெசமா ஆடச் சொல்லணும்.”

திருச்செல்வம் ரொட்டி சானாயைப் பிய்த்த கையோடு நிமிர்ந்து பார்த்தார். கால்பந்து கிளப்பின் குழு நிர்வாகி அவர். ஒரு காலத்தில் மாநிலத்துக்கு ஆடியவர். இப்போது பயிற்றுநருக்கும் சேர்மனுக்கும் நடுவில் ஆடிக்கொண்டிருப்பவர். இரண்டு வருடத்துக்கு முன்னால் வசுமதி பிசியோவாக வேலைக்குச் சேர்ந்த அன்று, அவளை எதிரே உட்கார வைத்து ஒரே ஒரு விதிதான் சொன்னார். “கால் வலிச்சா கட்டு. வீங்குனா ஐஸ் வை. யார் ஆடணும், யார் உக்காரணும்னு மட்டும் என்னைக்கும் வாயத் தொறந்துடாத. உனக்கு முன்னாடி இருந்தவன் அதப் பேசித்தான் வீட்டுக்குப் போனான்.”

இரண்டு வருடமாக அவள் வாயைத் திறக்கவில்லை. இன்று பிரிஞ்சாங் ஹோட்டலின் சாப்பாட்டுக் கூடத்தில், இருபத்து மூன்று ஆட்டக்காரர்கள் தட்டும் கரண்டியுமாக இரைந்துகொண்டிருந்த நேரத்தில், நின்றபடியே கேட்டுவிட்டாள்.

“உக்காரும்மா மொதல்ல. எல்லாரும் பாக்கறாங்க லா.”

“பாக்கட்டும்.”

“நாலு கோல் அடிச்சிருக்கான். நாலு!” கைப்பேசியை அவள் முகத்துக்கு நேராகத் திருப்பினார். பனிமூட்டத்துக்குள்ளிருந்து உயரமான வெள்ளைக்காரன் ஒருவன் பந்தோடு ஓடி வருகிறான். பின்னால் தேயிலை மேடு. பந்து வலைக்குள் போகிறது. கூட்டம் விசிலடிக்கிறது. “ஒரே ராத்திரியில எம்பதாயிரம் பேர் பாத்திருக்காங்க. சேர்மன் எனக்கு ஹார்ட்டு போட்டு அனுப்பியிருக்காரு. பன்னெண்டு வருசமா அவர்கிட்ட வேல பாக்குறேன், ஒரு கட்டை விரல்கூட வந்ததில்ல.”

“அது அடிச்ச கோல் இல்ல சார். விட்ட கோல்.”

அந்த வெள்ளைக்காரனின் பெயர் ஜெப்பே. டென்மார்க்கின் மேற்குக் கரையில் மீன் வாடை அடிக்கிற ஒரு துறைமுக ஊரில் பிறந்தவன். பத்தொன்பது வயதில் சொந்த ஊர்க் குழுவுக்காக ஒரே பருவத்தில் பதினேழு கோல் அடித்தான். அடுத்த தேசிய ஆட்டக்காரன் இவன்தான் என்று ஊர்ப் பத்திரிகை எழுதியது. நெதர்லாந்துக் கிளப் ஒன்று வாங்கிக்கொண்டு போய் எட்டு மாதம் பெஞ்சில் உட்கார வைத்தது. பிறகு நார்வேக்கு இரவலாக அனுப்பியது. அங்கிருந்து சைப்ரஸ், இடது முழங்காலில் தசைநார் முதல் தடவை அறுந்தது அங்கேதான். தேறி வந்து ஐஸ்லாந்தில் ஒரு கோடை. தாய்லாந்தில் இரண்டு வருடம். அங்கே ஆடியதுதான் அவன் வாழ்க்கையிலேயே நல்ல ஆட்டம். அதன் பிறகு மலேசியா. இப்போது வயது முப்பத்திரண்டு.

தேசியக் குழுவுக்கு அவனை ஒரே ஒரு தடவை கூப்பிட்டார்கள். தொண்ணூறு நிமிடமும் பெஞ்சில் இருந்துவிட்டு வந்தான். வியர்வை படாத அந்தச் சட்டை அவன் அம்மா வீட்டில் மடித்தபடியே இருக்கிறதாம்.

இதையெல்லாம் அவன் ஒரே நாளில் சொல்லிவிடவில்லை. வசுமதி அவன் முழங்காலை மடக்கி நீட்டிக்கொண்டிருக்கும்போது துண்டு துண்டாகச் சொன்னது. இருவரும் ஆங்கிலத்தில்தான் பேசிக்கொள்வார்கள். “எங்கள் ஊரில் ஒருவன் வெளிநாட்டில் ஆடுகிறான் என்றால் எல்லோரும் லண்டனை நினைப்பார்கள். என்னைப் போன்றவர்களுக்கு வெளிநாடு என்றால் எங்கே ஓர் இடம் காலியோ அது,” என்றான் ஒருநாள். தோட்டத்துக் கங்காணியின் மகளான வசுமதிக்கு அதற்கு மேல் விளக்கம் தேவைப்படவில்லை.

இன்னொரு நாள் வேறொன்று சொன்னான். எந்த நாட்டுக்குப் போனாலும் அவன் முதலில் கற்றுக்கொள்கிற சொல் வணக்கமோ நன்றியோ இல்லை, “வலிக்குதா?” என்பதுதான். பிசியோக்கள் கேட்டுக் கேட்டு அது தானாக வந்துவிடும். ஏழு மொழியில் அவனுக்கு அந்தக் கேள்வி தெரியும். “பதிலும் தெரியும். எல்லா மொழியிலும் ‘இல்லை’ என்பதுதான் பதில்.” எட்டாவதாக அவள் தமிழில் சொல்லிக் கொடுத்தாள். அவன் திருப்பிச் சொன்னபோது அறையில் இருந்த உள்ளூர்ப் பையன்கள் விழுந்து விழுந்து சிரித்தார்கள்.

ஜனவரியில் அதே இடது முழங்கால் மறுபடி போனது. யாரும் தள்ளவில்லை, யாரும் மோதவில்லை, திரும்பினான், விழுந்தான். அறுவைச் சிகிச்சை நடந்து இன்றோடு ஐந்தரை மாதம். ஒன்பது மாதம் முடியாமல் திடலில் இறக்கக் கூடாது என்று கோலாலம்பூர் டாக்டர் சொல்லியிருந்தார். ஆனால் பதிவு வெள்ளிக்கிழமை மாலை ஐந்து மணிக்கு மூடுகிறது. இறக்குமதி ஆட்டக்காரர்களுக்கு இத்தனை இடம்தான் என்று கணக்கு உண்டு. பருவத்தின் இரண்டாம் பாதிக்கு ஜெப்பேயின் பெயரைப் பதிந்தால் சனிக்கிழமை கிண்ண ஆட்டத்தில் அவன் இறங்கியே ஆக வேண்டும். பதியாவிட்டால் ஒப்பந்தம் அத்தோடு முடிந்தது. பதிவதற்குப் பிசியோவின் தகுதிப் படிவம் வேண்டும். அதைப் பார்த்துத்தான் கிளப்பின் டாக்டர் மேல்கையெழுத்துப் போடுவார்.

வசுமதி அளந்து பார்த்திருந்தாள். ஒற்றைக் காலில் நின்று எவ்வளவு தூரம் தாவுகிறான் என்று பார்க்கிற சோதனை அது. வலது கால் தாவுவதில் பத்தில் ஒன்பது பங்காவது இடது கால் தாவ வேண்டும். அவன் இடது கால் ஏழு பங்குதான் தாவியது. தாளைக் கொண்டுபோய்ப் பயிற்றுநரிடம் நீட்டினாள். அவர் கண்ணாடியைக்கூட மாட்டவில்லை. “தாள் பந்து ஆடாது. புல்லில் பார்ப்போம்,” என்றார்.

இங்கேதான் வசுமதி தன் காலில் தானே கட்டையைப் போட்டுக்கொண்டாள். குளிர்ச்சியான இடத்தில் பத்து நாள் பயிற்சி என்று குழு கேமரன் மலைக்கு வந்திருந்தது. அவள் பிறந்த தோட்டம் பிரிஞ்சாங்கிலிருந்து அரை மணி நேரம். அங்கே ஒரு குழு இருந்தது. அப்பா சின்னக்கருப்பன் பதினைந்து வருடமாக அதைக் கட்டி மேய்க்கிறார். “எங்க தோட்டத்துப் பசங்களோட ஒரு ஆட்டம் போடுங்க சார்,” என்று இவளே போய்ச் சொன்னாள். “மொரட்டுத்தனமா ஆடுவாங்க. அவங்ககிட்ட நின்னு ஆடுனா நானே கையெழுத்துப் போடுறேன்.” பத்தே நிமிடத்தில் உண்மை வெளியே வந்துவிடும், அதற்குள் இவனை வெளியே எடுத்துவிடலாம் என்று கணக்குப் போட்டிருந்தாள். தன் ஊர்ப் பசங்களை அவ்வளவு நம்பினாள்.

தோட்டத்துத் திடல், இவர்கள் பேச்சில் பாடாங், மலைச்சரிவை வெட்டிப் போட்டது. மேட்டுப் பக்கத்துக்கும் பள்ளப் பக்கத்துக்கும் ஓர் ஆள் இடுப்பளவு உயர வித்தியாசம் இருக்கும். பந்து தேயிலைக்குள் போனால் குதித்து எடுக்கக் கூடாது. செடி வெட்டுகிறவர்கள் நடக்கும் கவ்வாத்துப் பாதையைச் சுற்றிப் போய்த்தான் எடுக்க வேண்டும். வெளியூர்க் குழுக்கள் இந்தத் திடலுக்கு வருவதென்றாலே யோசிப்பார்கள். காரணம் சரிவு இல்லை, யோகேந்திரன். தற்காப்பில் நடுவில் நிற்பவன். திரிங்காப்பில் காய்கறி லோரி ஓட்டுகிறவன். போன மாதம் லெம்பா பெர்த்தாம் குழுவில் ஒருத்தன் இவன் புண்ணியத்தில் கணுக்காலில் கட்டோடு கிடந்தான்.

புதன்கிழமை மாலை லயத்து வீடுகளில் இருந்த தோட்டத்துச் சனம் மொத்தமும் திடலுக்கு வந்துவிட்டது. கிழங்கு வடை விற்றார்கள். “தொரை வராருடோய்!” என்று ஒருத்தன் கத்தினான். எல்லோரும் சிரித்தார்கள். தோட்டத்தில் வெள்ளைக்காரத் துரை இருந்தது இவர்களில் பாதிப் பேர் பிறப்பதற்கு முன்னால். அப்படியும் அந்தச் சொல்லுக்கு ஆள் தேட வேண்டியிருக்கவில்லை.

ஏழாவது நிமிடத்தில் ஜெப்பேயிடம் பந்து வந்தது. எதிரே யோகேந்திரன். யோகேந்திரன் இடது காலை அரை அடி பின்னால் எடுத்தான்; தோளைக் கொஞ்சம் தாழ்த்தினான்; ஒதுங்கினான். கதவு திறந்த மாதிரி இருந்தது. ஜெப்பே உள்ளே போய் வலையில் போட்டான்.

அந்த அசைவை அவள் எங்கே பார்த்திருக்கிறாள் என்று யோசிக்கத் தேவையிருக்கவில்லை. மலைப்பாதையில் மேனேஜர் வண்டி வரும்போது கொழுந்துக் கூடையோடு நடக்கிறவர்கள் ஒதுங்குவது இப்படித்தான். ஒரு கால் பின்னால், தோள் கொஞ்சம் கீழே, முதுகு செடியை உரச. மோட்டார் சைக்கிளில் வருகிறவன் என்றால் இறங்கி நின்றுகொள்வான். யாரும் யாருக்கும் சொல்லிக் கொடுப்பதில்லை. அம்மா ஒதுங்கும்போது கையைப் பிடித்திருக்கும் பிள்ளையும் ஒதுங்கும், அவளும் ஒதுங்கியிருக்கிறாள். பல்கலைக்கழகத்தில் முதல் வருடம், நடைபாதையில் பேராசிரியர் எதிரே வந்தபோது புல்தரைக்குள் இறங்கி நின்றாள். கூட வந்த பெண்கள் கேலி செய்தார்கள். அன்றைக்கு ராத்திரி முழுக்கத் தன் காலை நினைத்து அவளுக்கு எரிந்தது.

இரண்டாவது கோலுக்கு மூன்று பேர் ஒதுங்கினார்கள். மூன்றாவதற்குக் கோல் காவலன் கொஞ்சம் தாமதமாகக் குதித்தான். நாலாவதற்கு ஜெப்பே இடது காலைச் சுழற்றி அடித்தபோது மொத்த லயமும் எழுந்து கைதட்டியது. பயிற்றுநர் வசுமதியைத் திரும்பிப் பார்த்துத் தோளைக் குலுக்கினார்.

ஆட்டம் முடிந்ததும் யோகேந்திரனைப் பிடித்துக்கொண்டாள். இருவரும் ஒரே தமிழ்ப்பள்ளியில் ஆறு வருடம் படித்தவர்கள்.

“டேய் யோகா, என்னாடா ஆடுன நீ?”

“ஏன் வசு? நல்லாத்தான ஆடுனோம்.”

“பெர்த்தாம்காரன் கால ஒடச்சல்ல, அப்ப எங்க போச்சு இந்த மரியாத?”

“அது ஆட்டம்.”

“இது என்னா, கல்யாண வீடா?”

அவன் சிரித்தான். பிறகு சிரிப்பை நிறுத்திவிட்டுத் தன் பூட்ஸைப் பார்த்தான். “உங்கப்பா சொன்னாரு, தொர மேல கால் வைக்காதீங்கடான்னு. ஆனா சத்தியமா சொல்றேன் வசு, ரெண்டாவது தடவ நான் இடிக்கத்தான் போனேன். கால் தானா ஒதுங்கிருச்சு. எனக்கே கேவலமா இருக்கு.”

அவனுக்கு மேனேஜர் சம்பளம் கொடுக்கவில்லை. வீடு கொடுக்கவில்லை. ஏழு வருடமாகத் திரிங்காப்பில் சொந்தக் காலில் நிற்கிறவன். அந்தக் கால்தான் ஒதுங்கியது.

அங்கிருந்து நேரே வீட்டுக்குப் போனாள். அம்மா பவளம் அடுப்பில் தண்ணீர் வைத்தாள். சின்னக்கருப்பன் இன்னும் விசிலைக் கழுத்திலிருந்து கழற்றவில்லை, பெருமையாக உட்கார்ந்திருந்தார்.

“எப்படிம்மா? உன் ஆளு மேல ஒரு கீறல் உண்டா?”

“எதுக்குப்பா அப்படிச் சொன்னீங்க?”

“மேனேஜர் ரெண்டு தடவ ஆபீசுக்குக் கூப்புட்டுச் சொன்னாரு, அந்த ஆளுக்கு ஒண்ணு ஆச்சுன்னா தோட்டத்துக்குக் கெட்ட பேருன்னு. அது கெடக்கட்டும். நீ பாக்குற காலும்மா அது. நம்ம பாடாங்குல வந்து ஒடஞ்சா யாரச் சொல்லுவாங்க? அவ அப்பன் டீம்தான் ஒடச்சுச்சுன்னு உன்னத்தான சொல்லுவாங்க? உனக்கோசரந்தான் பசங்க கையக் கால வச்சிக்கிட்டுச் சும்மா இருந்தானுங்க.”

“ஒடைக்கச் சொல்லலப்பா. ஒடையுமான்னு பாக்கத்தான் கூட்டியாந்தேன்.”

“ரெண்டும் ஒண்ணுதான,” என்றாள் பவளம், தேநீரை ஆற்றிக்கொண்டே.

“ஒண்ணு இல்லம்மா. இங்க கொஞ்சமா வலிச்சிருந்தா நிறுத்தியிருப்பேன். இப்ப சனிக்கெழம நெசமா ஆடுறவங்ககிட்ட அனுப்பப் போறாங்க.”

சின்னக்கருப்பன் விசிலைக் கழற்றிக் கையில் வைத்துக்கொண்டார். பிறகு, “எனக்கு இந்த வெவரம் தெரியாதேம்மா,” என்றார். அவள் சொல்லியிருக்கவில்லை. நிஜமாக ஆடுங்கள் என்று யாருக்காவது சொல்லிவைக்க வேண்டும் என்று அவளுக்குத் தோன்றியதே இல்லை.

அதனால்தான் இன்று காலை திருச்செல்வத்தின் முன்னால் நிற்கிறாள்.

“விட்ட கோலா?” திருச்செல்வம் கையைத் துடைத்துக்கொண்டார். “சரி, விட்டாங்க. யாரு விடச் சொன்னது?”

வசுமதி சுற்றியிருந்த மேசைகளைப் பார்த்தாள்.

“சொல்லும்மா. இவ்ளோ சத்தமா வந்து கேட்டல்ல.”

“எங்கப்பா.”

அவர் புருவத்தை உயர்த்தினார். கைப்பேசியை எடுத்து வெளியே போனார். யாரிடம் பேசினார் என்பது முக்கால் மணி நேரம் கழித்துத் தெரிந்தது. தோட்டத்து மேனேஜர் சொல்லி அனுப்பி, சின்னக்கருப்பன் மோட்டாரில் வந்து இறங்கினார். வேலை உடுப்பு. கழுத்துவரை ஏற்றிய ஸ்வெட்டர். ஹோட்டல் கண்ணாடிக் கதவுக்கு வெளியே செருப்பைக் கழற்றி ஓரமாக வைத்துவிட்டு, வெறுங்காலோடு பளபளத்த தரையில் நடந்து வந்தார். அவர் என்ன சொல்லப் போகிறார் என்று வசுமதிக்கு அங்கேயே தெரிந்துவிட்டது.

“வாங்கண்ணே,” என்றார் திருச்செல்வம். “ஒண்ணுமில்ல, ஒரு சின்ன சந்தேகம். உங்க பொண்ணு சொல்லுது, நேத்து உங்க பசங்க வேணும்னே விட்டுக் கொடுத்தாங்களாம். நீங்கதான் சொன்னீங்களாம். அப்படியா?”

சின்னக்கருப்பன் மகளைப் பார்க்கவில்லை. மேசைமேல் இருந்த மீதி ரொட்டியைப் பார்த்தார்.

“இல்லங்க சார். அப்படிலாம் இல்ல. பசங்க நல்லாத்தான் ஆடுனாங்க. தொர ரொம்ப நல்லா ஆடுனாரு.”

“அப்பா.”

“அது சின்னப் புள்ள சார். கவலப்பட்டுச் சொல்லுது. மனசுல வச்சிக்காதீங்க.”

“சேச்சே, நம்ம பொண்ணுதான,” என்றார் திருச்செல்வம். “டீ குடிச்சிட்டுப் போங்கண்ணே.”

“வேல கெடக்கு சார்.”

அவர் வந்த வழியே போனார். வசுமதி பின்னாலேயே ஓடினாள். மோட்டார் சீட்டில் படிந்திருந்த தூறலை அவர் கையால் துடைத்துக்கொண்டிருந்தார்.

“ஏன்ப்பா இப்படிப் பண்ணீங்க?”

“மேனேஜர் காலையில கேட்டாரு. நான் அவர்கிட்டயும் இதத்தான் சொன்னேன். அங்க ஒண்ணு இங்க ஒண்ணு சொல்ல முடியுமா?”

“நான் பொய்க்காரியாப் போயிட்டேன்.”

“நீ பொய் சொன்னன்னு ஆனா உன் வேல போவும். நான் தப்பு செஞ்சேன்னு ஆனா வீடு போவும்.” அவர் இப்போதும் அவளைப் பார்க்கவில்லை. “மார்ச்சு மாசம் எனக்கு ரிட்டையர். அதுக்கப்புறம் அந்த வீட்டுல இருக்கறது அவர் மனசு வச்சாத்தான். நீ படிச்சவ. உனக்கு வேற வேல கெடைக்கும். எங்களுக்கு வேற வீடு கெடைக்காதும்மா.”

திட்ட வேண்டும் போல இருந்தது. யாரை என்றுதான் தெரியவில்லை. அவர் மோட்டாரை மிதித்துக் கிளப்பிக்கொண்டு போனார்.

ஜெப்பே ஹோட்டலின் பின்பக்கத்து நடையில், துணி உலர்த்தும் இடத்தில் உட்கார்ந்து, முழங்காலில் ஐஸ் கட்டிக்கொண்டிருந்தான். நாலு கோல் அடித்தவன் மறுநாள் காலையில் யாருமில்லாத இடத்தில் வந்து ஐஸ் கட்டுகிறான். அவள் எதிரே தரையில் உட்கார்ந்தாள்.

“நேற்று அவர்கள் வழி விட்டார்கள்,” என்றாள்.

“தெரியும்.”

அவள் எதிர்பார்க்கவில்லை. “எப்போது தெரிந்தது?”

“முதல் கோலில் சந்தேகம். இரண்டாவதில் தெரிந்தது. பதினாலு வருடமாக என்னை ஏழு நாட்டுக்காரர்கள் உதைத்திருக்கிறார்கள். உதைக்காதவனைத் தெரியாதா?”

“அப்புறம் எதற்கு இன்னும் இரண்டு அடித்தாய்?”

“வலை காலியாக இருந்தால் என்னால் வேறு என்ன செய்ய முடியும், வசு?” என்றான். கேலியாகச் சொல்லவில்லை.

“எழுந்திரு. தாவு.”

ஐஸை அவிழ்த்துவிட்டு எழுந்தான். அவள் தரையில் அளவு நாடாவை விரித்தாள். வலது காலில் தாவினான்: நூற்று எழுபது. இடது காலில் தாவினான்: நூற்றுப் பத்தொன்பது. “இன்னொரு தடவை,” என்றான் அவனே. தாவினான். இறங்கியபோது முழங்கால் உள்பக்கமாக மடங்கியது. கையை நீட்டிச் சுவரைப் பிடித்துக்கொண்டான். சுவர் இல்லாவிட்டால் விழுந்திருப்பான். துணிக்கொடியில் அவன் சட்டைகள் ஈரத்தோடு தொங்கின. இருவரும் நாடாவைப் பார்க்கவில்லை.

“மூன்றாவது தடவை அறுந்தால் பந்து இல்லை,” என்றாள் வசுமதி. “மாடிப்படி ஏறுவதே சிரமம்.”

“என் அம்மா வீட்டில் மாடி இல்லை.”

“சிரிக்காதே.”

“சிரிக்கவில்லை.” மறுபடி உட்கார்ந்தான். “கேள். இங்கிருந்து அனுப்பினால் எனக்கு அடுத்த நாடு கிடையாது. முப்பத்திரண்டு வயது, இரண்டு தடவை அறுந்த கால். என் ஏஜெண்டு இரண்டு மாதமாக என் போனை எடுப்பதில்லை. நான் ஒன்பதாம் வகுப்போடு பள்ளிக்கூடத்தை விட்டவன். எனக்குக் கோல் அடிக்கத் தெரியும். அதுவும் போனால் நான் யார் என்று எனக்கே தெரியாது. நாற்பது வயதில் நொண்டினால் நாற்பது வயதில் அழுதுகொள்கிறேன். எனக்கு இந்தச் சனிக்கிழமை வேண்டும். கையெழுத்துப் போடு. தயவுசெய்து.”

அவனுக்கு ஐஸை மறுபடி கட்டிவிட்டாள். பழகிய கை, தானாக வேலை செய்தது. கட்டும்போது அவளுக்குக் கோபம் கோபமாக வந்தது. அப்பா மேல், யோகேந்திரன் மேல், ஹார்ட்டு அனுப்பிய சேர்மன் மேல், தாளைப் பார்க்காத பயிற்றுநர் மேல், எல்லாவற்றுக்கும் மேலாகக் கண் முன்னால் கெஞ்சுகிற இந்த ஆள் மேல். காப்பாற்றவேண்டிய காலே “என்னை விடு” என்று சொன்னால் எந்தப் பாடப்புத்தகத்தில் போய்ப் பார்ப்பது? நான்கு வருடம் படித்தாள். தோட்டத்திலேயே முதல் பட்டதாரி என்று கோயிலில் மாலை போட்டார்கள். தசைநாருக்குப் பெயர் தெரியும், எலும்புக்குப் பெயர் தெரியும். ஓர் ஆளைத் திடலில் இறங்காமல் நிறுத்துகிற வித்தையை மட்டும் யாரும் சொல்லித் தரவில்லை.

“படிவம் எங்கே இருக்கிறது?” என்று கேட்டான் ஜெப்பே.

“திருச்செல்வத்திடம்.”

“போடுவாயா?”

அவள் முடிச்சை இறுக்கினாள். “இருபது நிமிடம் வை. அதற்கு மேல் வைக்காதே,” என்று சொல்லிவிட்டு எழுந்தாள்.

சாப்பாட்டுக் கூடம் காலியாகியிருந்தது. திருச்செல்வம் அதே மேசையில்தான் இருந்தார். படிவத்தை அவரே எடுத்து வைத்திருந்தார். பேனாவும் மூடி கழற்றித் தயாராக இருந்தது. அடியில் இரண்டு கட்டம். தகுதி உண்டு. தகுதி இல்லை.

“மனசுல ஒண்ணும் வச்சிக்காதம்மா,” என்றார். குரல் நிஜமாகவே கனிவாக இருந்தது. “நானும் ஆடுனவன். எனக்குத் தெரியாதா? எங்காலத்துல ஊசி போட்டு எறக்குவாங்க. பாரு, இன்னிக்கும் நடக்கத்தான செய்யறேன்.”

அவர் நடப்பது எப்படியென்று வசுமதிக்குத் தெரியும். பேருந்தில் முதல் இருக்கை அவருக்குத்தான், காலை நீட்டிக்கொள்ள.

“தகுதி இல்லை” கட்டத்தில் கோடு போட்டாள். பக்கத்தில் 170, 119 என்று எழுதினாள். பெயரெழுதிக் கையெழுத்துப் போட்டு, தேதியும் போட்டு, அவர் பக்கம் திருப்பி வைத்தாள்.

திருச்செல்வம் அதைப் படித்தார். கோபப்படவில்லை. நாலாக மடித்துச் சட்டைப்பையில் வைத்துக்கொண்டார்.

“இன்னொரு படிவம் இருக்கு. ஈப்போலேர்ந்து ஒரு பிசியோ வராரு. இந்நேரம் திரிங்காப் தாண்டியிருப்பாரு.”

“எப்பக் கூப்புட்டீங்க?”

“நேத்து. ஆட்டம் முடிஞ்சு நீ மூஞ்சத் தூக்கிவச்சிக்கிட்டு நின்னப்பவே.” பேனாவின் மூடியை மாட்டினார். “அந்தாளு எப்படியும் சனிக்கெழம ஆடத்தான் போறான்மா. நீ போட்டாலும் போடாட்டியும். எதுக்கு நீ வீணா?”

“தெரியும் சார்.”

“தெரிஞ்சுமா?”

“எங்க ஊருக்காரங்க நேத்து ஒதுங்கிட்டாங்க. அது போதும்.”

அவருக்குப் புரிந்ததா என்று அவள் நின்று பார்க்கவில்லை. கிளப் கொடுத்த மருத்துவப் பையை நாற்காலியில் வைத்தாள். உள்ளே கத்தரிக்கோல், பட்டிகள், தைலம், எல்லாம் இருக்கிற இடத்தில் இருந்தன. மாடிக்குப் போய்த் தன் துணிப்பையை எடுத்துக்கொண்டு இறங்கினாள்.

“எங்கம்மா போற? மூணு மணிக்குப் பயிற்சி,” என்றார் திருச்செல்வம், அந்தப் பையைப் பார்த்துவிட்டு.

“எனக்கு இல்ல சார்.”

கூடத்துக்கு வெளியே படிக்கட்டில் கிளப்பின் இளைய கோல் காவலன் உட்கார்ந்திருந்தான். ஒரு காலுறையைக் கழற்றிக் கணுக்காலை நீட்டிக்கொண்டு, “அக்கா, இதக் கொஞ்சம் கட்டி விடுங்களேன், நேத்துலேர்ந்து ஒரு மாதிரியா இருக்கு,” என்றான்.

அவள் கை பாதி நீண்டது. இழுத்துக்கொண்டாள்.

“ஈப்போலேர்ந்து ஒருத்தர் வராரு. அவர்கிட்ட காட்டு,” என்று சொல்லிவிட்டு, கண்ணாடிக் கதவைத் தள்ளிக்கொண்டு சாலையில் இறங்கி நடந்தாள்.